பேட்டன்டே இல்லாத கண்டுபிடிப்பு, மாநில கோர்ட்டில் வழக்கு: செல்லுமா?

சால்டரிங்சாமி:
அமெரிக்காவில், கலிஃபோர்னியாவின் சான் ஹோசேயில் இருக்கிறேன். பழைய கம்பெனி என் மேல் சான்டா கிளாரா கவுன்டி கோர்ட்டில், அதாவது மாநில கோர்ட்டில், வழக்குப் போட்டிருக்கிறது. வார இறுதிகளில் வீட்டு கராஜில் நான் செய்த ஒரு பேட்டரி சர்க்யூட்தான் விஷயம். யாரிடமும் காட்டவில்லை, பேட்டன்டுக்கும் விண்ணப்பிக்கவில்லை, ஆனாலும் அது தங்களுடையது என்கிறார்கள். பேட்டன்ட் சமாச்சாரம் எல்லாம் ஃபெடரல் (மத்திய) கோர்ட்டுக்கு மட்டும்தான் என்று படித்த ஞாபகம். அதைச் சொல்லித் தள்ளுபடி கேட்கலாமா? சம்மன் வந்து 10 நாளாகிறது.

மாடிப்படி:
அந்த வாதம் நிற்காது. ஃபெடரலுக்கு மட்டும் என்பது பேட்டன்ட் சட்டத்திலிருந்தே பிறக்கிற வழக்குகளுக்கு, அதாவது மீறல், பேட்டன்ட் செல்லுமா செல்லாதா என்பது போன்றவற்றுக்கு. யாருக்குச் சொந்தம் என்பது வேலைக்குச் சேரும்போது நீங்கள் கையெழுத்துப் போட்ட ஒப்பந்தத்தைப் பொறுத்தது, அது மாநிலச் சட்டம். பேட்டன்ட் கைக்கு வந்திருந்தாலும் பெரும்பாலும் இதே பதில்தான், உங்களிடம் அதுவும் இல்லை. 2013-இல் கன் எதிர் மின்டன் வழக்கில், பேட்டன்ட் வழக்கைக் கோட்டைவிட்டார் என்று வக்கீல் மேல் போட்ட வழக்கை மாநில கோர்ட்டே விசாரிக்கலாம் என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது, இத்தனைக்கும் உள்ளே ஒரு பேட்டன்ட் கேள்வி இருந்தது.

எந்த கோர்ட் என்று அலைவதைவிட கலிஃபோர்னியா தொழிலாளர் சட்டம் 2870-ஐப் படியுங்கள். சொந்த நேரத்தில், கம்பெனிச் சாமானோ ரகசியமோ தொடாமல் செய்தது உங்களுடையது, ஒப்பந்தம் என்ன சொன்னாலும் சரி. ஆனால் கம்பெனியின் தொழிலோடு சம்பந்தப்பட்டிருந்தால் இந்தப் பாதுகாப்பு கிடையாது. அவர்களும் பேட்டரி கம்பெனியா?

பழையபாரலீகல்:
மாடிப்படி சொல்வது சரி, ஒன்று சேர்க்கிறேன். புகார் மனுவில் 2016-இல் வந்த ஃபெடரல் வர்த்தக ரகசியச் சட்டத்தையும் இழுத்திருக்கிறார்களா பாருங்கள். அதை மாநில கோர்ட்டிலும் போடலாம், ஆனால் போட்டிருந்தால் சம்மன் கிடைத்த 30 நாளுக்குள் நீங்கள் வழக்கை ஃபெடரலுக்கு மாற்றிக்கொள்ளலாம். பதில் மனுவுக்கும் அதே 30 நாள்தான், அதில் 10 போய்விட்டது!

அப்புறம் ஒப்பந்த வாசகம். கண்டுபிடிப்பின் உரிமையை 'எழுதித் தர ஒப்புக்கொள்கிறேன்' என்பதும் 'இதன்மூலம் எழுதித் தருகிறேன்' என்பதும் ஒன்றில்லை, முதலாவது பின்னால் தருவதாக வாக்கு மட்டும், இரண்டாவது அப்போதே தந்துவிடுவது. அந்த வித்தியாசம் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்துக்கு, ரோஷ் மருந்து கம்பெனியோடு நடந்த வழக்கில், எவ்வளவு பெரிய அடியாக விழுந்தது என்று 2011 தீர்ப்பில் பார்க்கலாம்.

சால்டரிங்சாமி:
அவர்கள் செய்வது மோட்டார் கன்ட்ரோலர், பேட்டரி இல்லை. இரண்டு பயம். கோர்ட்டுக்குப் போனால் சர்க்யூட் ஊருக்கே தெரிந்துவிடாதா? அப்புறம், ஒரே ஒரு வாரம் கம்பெனி ஆஸிலோஸ்கோப்பை (மின் அலைகளைத் திரையில் காட்டும் கருவி) வீட்டுக்கு எடுத்து வந்தேன்.

பழையபாரலீகல்:
முதல் பயம் வேண்டாம், சீல் வைத்துத் தாக்கல் செய்யவும் மூடிய அறையில் விசாரிக்கவும் மாநில கோர்ட்டிலேயே வழி இருக்கிறது. ரகசியத்தைத் திருடினீர்கள் என்று அவர்கள் சொல்லியிருந்தால், உங்கள் ஆவணங்களைத் தோண்டுவதற்கு முன் எந்த ரகசியம் என்று அவர்களே தெளிவாகச் சொல்லியாக வேண்டும்.

ஆஸிலோஸ்கோப் கதையை இங்கே எழுதியிருக்கவே வேண்டாம். எழுதிவிட்டீர்கள், இனி அழிக்கவும் அழிக்காதீர்கள், வழக்கு நடக்கும்போது அழிப்பது அதைவிட வம்பு. மிச்சத்தை வக்கீலிடம் பேசுங்கள்.