கடலைப் பார்த்தால் எழுதத் தோன்றுகிறது, ஆனால் எழுதியதெல்லாம் ஒரே மாதிரி இருக்கிறது

நீலக்குறிப்பு:
எல்லோருக்கும் வணக்கம். எழுதுகிறவர்களும் வரைகிறவர்களும் இங்கே நிறைய பேர் இருப்பதால் கேட்கிறேன். கடலுக்கு முன்னால் போய் உட்கார்ந்தால் எனக்குத் தலைக்குள் இருக்கும் இரைச்சல் அடங்கிவிடுகிறது, பல நாளாகச் சிக்கிக் கிடந்த யோசனை தானாகப் பிரிகிறது, உடனே எழுதவும் கை வருகிறது. ஆனால் வீட்டுக்கு வந்து நோட்டைப் பிரித்தால் எல்லாப் பக்கத்திலும் அதே சொற்கள்தான், பரந்த, ஆழமான, முடிவில்லாத, அதன் முன் நான் ஒரு துளி. நான் பொய்யாக எழுதவில்லை, அங்கே இருந்தபோது அப்படித்தான் இருந்தது. ஆனாலும் இதை எத்தனையோ பேர் எழுதிவிட்டார்கள், எனக்கென்று அதில் ஒன்றும் இல்லை. உங்களுக்குக் கடல் என்ன கொடுத்திருக்கிறது, அதை எப்படி எழுத்திலோ படத்திலோ கொண்டுவருகிறீர்கள்?

மணல்வரி:
"முடிவில்லாத" என்பதிலிருந்தே தொடங்கலாம், சிக்கல் அங்கேதான் இருப்பதாக எனக்குப் படுகிறது. மணலில் உட்கார்ந்திருக்கும்போது நம் கண் நீர்மட்டத்துக்கு ஒரு மீட்டர் மேலே இருக்கிறது என்று வைத்துக்கொண்டால், அடிவானம் இருப்பது சுமார் மூன்றரை கிலோமீட்டரில். எழுந்து நின்றால் நாலரை, ஐந்து. அவ்வளவுதான் நாம் பார்க்கிற கடல், தரையாக இருந்தால் ஒரு மணி நேரத்தில் நடந்துவிடலாம். இப்போது அதே மூன்றரை கிலோமீட்டரைச் செங்குத்தாகக் கீழே திருப்பிப் பாருங்கள். உலகக் கடல்களின் சராசரி ஆழம் கிட்டத்தட்ட அதுதான், 3,700 மீட்டருக்குப் பக்கம். அதில் பாசிகள் வளரும் அளவுக்கு வெளிச்சம் இருப்பது மேல் 200 மீட்டரில் மட்டும், 1,000 மீட்டரைத் தாண்டினால் சூரிய வெளிச்சம் கிடையவே கிடையாது. இதைத் தெரிந்துகொண்ட பிறகு என்னால் சும்மா "ஆழமான" என்று எழுத முடிந்ததில்லை. அடிவானத்தைப் பார்க்கும்போதெல்லாம் அத்தனை தூரம் இருட்டு எனக்குக் கீழேயும் இருக்கிறது என்றுதான் தோன்றும், அந்தப் பயத்திலிருந்து எழுத வேறு மாதிரி வருகிறது.

அப்புறம் அலை. அலை உடையும் இடத்துக்கு அப்பால் மிதக்கிற ஏதாவது ஒன்றை, ஒரு மரத்துண்டு கிடைத்தால் நல்லது, அதை மட்டும் பத்து நிமிடம் பாருங்கள். அலை வரும்போது மேலே ஏறும், கொஞ்சம் முன்னால் வரும், இறங்கும், பின்னால் போகும், ஏறக்குறைய பழைய இடத்துக்கே வந்து சேரும். கரையை நோக்கி ஓடி வருவது ஆற்றல், தண்ணீர் அந்தந்த இடத்திலேயே ஒரு வட்டம் சுற்றிவிட்டு அதைப் பக்கத்துத் தண்ணீரிடம் கொடுத்துவிடுகிறது. இதை நினைத்துக்கொண்டே ஒரு குடும்பத்தில் மூன்று தலைமுறையாகக் கைமாறி வரும் கோபத்தைப் பற்றி ஒரு கதை எழுதினேன். அதில் கடல் எங்குமே வராது. ஆனால் கடல் இல்லாமல் அந்தக் கதை எனக்குக் கிடைத்திருக்காது.

இரவுவாட்ச்:
வணிகக் கப்பலில் வேலை பார்க்கிறேன், நள்ளிரவிலிருந்து நாலு மணி வரை என் வாட்ச். கடல் அமைதி தருகிறது என்பதைக் கரையிலிருந்து பார்க்கிறவர்கள் சொல்லும்போது மறுக்க மாட்டேன், ஆனால் நடுக்கடலில் வாரக்கணக்கில் இருக்கிறவனுக்கு அது அப்படியே பொருந்தாது. கண் இருட்டுக்குப் பழக வேண்டும் என்பதால் இரவில் பிரிட்ஜில், அதாவது கப்பலை ஓட்டும் அறையில், விளக்குகளை அணைத்து வைத்திருப்போம். அந்த இருட்டில் நாலு மணி நேரம் வெளியே பார்த்துக்கொண்டு நிற்கும்போது, நாம் யோசிக்காமல் தள்ளிப்போட்ட எல்லாம் வரிசையாக வந்து நிற்கும், எழுந்து வேறு எங்கும் போகவும் முடியாது. சில இரவு அதில் தெளிவு பிறக்கும், சில இரவு விடிந்தால் போதும் என்றிருக்கும். இரண்டையும் கடல் தந்ததாகத்தான் நான் எடுத்துக்கொள்கிறேன்.

எனக்கு மிகவும் பிடித்தது காற்றே இல்லாத நாட்கள். மேலே ஒரு சுருக்கம்கூட இருக்காது, ஆனாலும் அடியில் ஸ்வெல், அதாவது தொலைவிலிருந்து வரும் நீளமான அலை, வந்து கப்பலை மெதுவாகத் தூக்கி இறக்கும். அந்த ஸ்வெல்லைக் கிளப்பிய புயல் எங்கோ இருக்கிறது, அல்லது எப்போதோ ஓய்ந்துவிட்டது. 1963இல் வால்டர் மங்க் என்ற கடலியல் அறிஞரும் அவர் குழுவும் நியூசிலாந்திலிருந்து அலாஸ்கா வரை கருவிகள் வைத்து, அண்டார்டிகா பக்கத்துப் புயல்களில் கிளம்பிய அலைகளைப் பசிபிக் முழுக்கப் பின்தொடர்ந்தார்கள். பத்தாயிரம் கிலோமீட்டருக்கு மேல் பயணம் செய்து அலாஸ்கா கரையில் போய் உடைந்திருக்கின்றன. நீளமான அலை வேகமாகப் போகும் என்பதால் அதுதான் முதலில் வந்து சேரும். கரையில் இருந்தே இதைப் பார்க்கலாம். அடுத்தடுத்த இரண்டு அலைக்கு நடுவே ஐந்தாறு நொடிதான் என்றால் பக்கத்துக் காற்று கிளப்பியது, பதினைந்து நொடிக்கு மேல் என்றால் ரொம்பத் தொலைவிலிருந்து வருகிறது.

எழுதுவதற்கு ஒரு யோசனை. எங்கள் லாக் புத்தகத்தில் காற்றின் திசை, வேகம், கடலின் நிலை, பார்வைத் தூரம் இவ்வளவுதான் எழுதுவோம், மனசுக்கு அங்கே இடமில்லை. பழைய பக்கம் ஒன்றைப் புரட்டினால் அந்த இரவு முழுசாகத் திரும்ப வருகிறது. நீங்களும் கடற்கரையில் அப்படி எழுதிப் பாருங்கள்.

தூரிகை:
லாக் யோசனை நல்லதுதான், ஆனால் நான் நேர் எதிராகச் சொல்வேன், நோட்டைக் கொண்டே போகாதீர்கள். 19ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த இவான் ஐவசோவ்ஸ்கி கருங்கடல் கரையில் ஃபியோதோசியா துறைமுகத்தில் பிறந்தவர், வாழ்நாள் முழுக்கக் கடலையே வரைந்தவர். அவர் பெரும்பாலும் ஸ்டூடியோவுக்குள் உட்கார்ந்து ஞாபகத்திலிருந்துதான் வரைந்தார். அலையும் மின்னலும் அசைந்துகொண்டே இருப்பவை, நேரில் பார்த்துக்கொண்டே அவற்றைத் தூரிகையில் பிடிக்க முடியாது என்பது அவர் எண்ணம். நானும் அப்படித்தான் செய்கிறேன். ஒரு வாரம் கழித்து எது மிச்சம் இருக்கிறதோ அதை மட்டும் வரைவேன், மிச்சம் இருப்பது பெரும்பாலும் சின்னதாகத்தான் இருக்கும், ஈர மணலில் தெரிந்த ஆகாயத்தின் நிறம் மாதிரி. அந்தச் சின்னது வேறு யாருக்கும் மிஞ்சியிருக்காது.

கரைமகள்:
உங்கள் கேள்வியைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எழுதலாமா வேண்டாமா என்று இருந்தேன். என் அப்பா மீன் பிடிக்கப் போய்த் திரும்பவில்லை. "அதன் முன் நான் ஒரு துளி" என்பது உங்களுக்கு ஆறுதலாக இருக்கிறது, எங்கள் வீட்டில் அது நடந்த விஷயம். அதனால் கடலைப் பற்றி வரும் அழகான வரிகள் பலவற்றை என்னால் பாதிக்கு மேல் படிக்க முடிவதில்லை. சங்கப் புலவர்கள் நெய்தலுக்கு இரங்கலை வைத்தார்கள். கடலைக் கரையில் காத்திருக்கிறவளின் கண்ணால் பார்த்திருக்கிறார்கள், அது எனக்குச் சரியாகப் படுகிறது.

இத்தனைக்கும் நான் கடலுக்குப் போகாமல் இருப்பதில்லை. கண்ணை மூடிக்கொண்டு கேட்பேன். அலை வந்து விழும் சத்தத்தைத்தான் எல்லோரும் எழுதுகிறார்கள். அது பின்வாங்கிய பிறகு, நுரை மணலில் தங்கி, ஒவ்வொரு குமிழாக உடையும்போது ஒரு மெல்லிய பொரிகிற சத்தம் வரும், காதைத் தரைக்குப் பக்கத்தில் கொண்டுபோனால்தான் கேட்கும். அடுத்த அலை வருவதற்குள் முடிந்துவிடும். எனக்குக் கடல் கொடுத்தது இதுதான். இதை இதுவரை எங்கேயும் எழுதியதில்லை, இங்கேதான் முதல்முறை.

இரவுவாட்ச்:
@தூரிகை, ஞாபகத்தை நான் அவ்வளவு நம்ப மாட்டேன், ஒரு வருடத்தில் எல்லா அலையையும் அது பெரிதாக்கிவிடும். படத்துக்கு அது நல்லதாக இருக்கலாம்.
@கரைமகள் அக்கா, எழுதியதற்கு நன்றி. கப்பலிலும் அந்தக் கடைசிப் பயம் எல்லோருக்கும் உண்டு, யாரும் பேச மாட்டோம்.

நீலக்குறிப்பு:
கரைமகள் அக்கா, அந்தத் துளி வரியை இனிமேல் என்னால் அப்படிச் சாதாரணமாக எழுத முடியாது. நீங்கள் சொன்ன சத்தத்தை இத்தனை தடவை போயும் நான் கேட்டதே இல்லை, அடுத்த தடவை குனிந்து கேட்பேன், ஆனால் எழுத மாட்டேன், அது உங்களுடையது.

மற்றவர்கள் சொன்னதில் லாக் எழுதுவதையும் ஒரு வாரம் காத்திருப்பதையும் சேர்த்தே செய்து பார்க்கப் போகிறேன். கரையில் எண்களை மட்டும் குறித்துக்கொண்டு, ஒரு வாரம் நோட்டைத் திறக்காமல் எழுதி, அப்புறம் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படிக்கலாம் என்றிருக்கிறேன். இரவுவாட்ச் சார், ஒரு சந்தேகம், கரையில் அலைகள் தாறுமாறாக உடைகின்றனவே, நடுவே எத்தனை நொடி என்று எப்படி எண்ணுவது?

இரவுவாட்ச்:
உடையும் இடத்தைப் பார்க்காதீர்கள். அதற்கு அப்பால் ஒரு பாறையோ மிதவையோ, நகராத ஒன்றைப் பிடித்துக்கொள்ளுங்கள். ஒரு அலையின் முகடு அதைத் தாண்டும்போது பூஜ்யம் என்று கடிகாரத்தைத் தொடங்கி, பத்தாவது முகடு தாண்டும்போது நிறுத்திப் பத்தால் வகுத்துவிடுங்கள். அலைகள் கூட்டம் கூட்டமாக வரும், நடுவில் சின்னதாகிக் கண்ணுக்கே தெரியாமல் போகும், அப்படி விட்டுப்போனால் முதலிலிருந்து எண்ணுங்கள். மூன்று நாலு தடவை எடுத்தால் நம்பும்படியான எண் வரும். தொடர்ந்து சில நாள் குறித்தால் நொடிகள் குறைந்துகொண்டே வருவதும் தெரியும், அப்படி வந்தால் ஒரு புயலின் அலைகள் வந்து முடியும் கட்டத்தைப் பார்க்கிறீர்கள்.