'டங்ஸ் அன்டைட்' பார்த்தவர்கள் உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்

அமெரிக்கக் கறுப்பினத் தன்பாலீர்ப்பு ஆண்களைப் பற்றி, அவர்களில் ஒருவரான மார்லன் ரிக்ஸ் 1989இல் எடுத்த ஆவணப்படம் இது. பார்க்க உட்கார்ந்தபோது, நாற்காலியில் ஒரு பேராசிரியர் உட்கார்ந்து "இவர்கள் வாழ்க்கை இப்படி" என்று விளக்குவார் என்றுதான் நினைத்திருந்தேன், ஆவணப்படம் என்றால் எனக்கு அதுதான் பழக்கம். இதில் அப்படி யாருமே வரவில்லை. ஆரம்பத்திலேயே பல ஆண்குரல்கள் ஒன்றின்மேல் ஒன்றாக ஏறி "பிரதர் டு பிரதர்" என்று மந்திரம்போலச் சொல்லிக்கொண்டே வருகின்றன. கறுப்பினத் தன்பாலீர்ப்பு ஆண்கள் தங்களுக்குள் பேசிக்கொள்கிறார்கள், நாம் பக்கத்தில் நின்று கேட்கிறோம், அவ்வளவுதான். எஸ்ஸெக்ஸ் ஹெம்ப்ஹில் தன் கவிதையைச் சொல்லும்போது எனக்கு அதில் பாதிதான் புரிந்தது, ஆனாலும் அந்தக் குரலை விட்டு நகர முடியவில்லை.

ரிக்ஸ் தன் சிறுவயதைச் சொல்லும் இடம்தான் என்னை உலுக்கியது. ஜார்ஜியாவில் அவர் கேட்ட வசவுகளை வீசும் வாய்கள் மட்டும் திரை முழுக்க வெட்டி வெட்டி வரும், கறுப்பன் என்று திட்டும் வாய், ஆண்மையில்லாதவன் என்று திட்டும் வாய். பிறகு சான்பிரான்சிஸ்கோவின் காஸ்ட்ரோ பகுதிக்கு வருகிறார். அங்கே அத்தனை தன்பாலீர்ப்பு ஆண்களுக்கு நடுவிலும் இவரை ஒருவரும் கண்டுகொள்வதில்லை, ஏனென்றால் அங்கே அழகு என்றால் வெள்ளை நிறம். இதைப் பார்த்தபோது உண்மையிலேயே கோபம் வந்தது.

*

உங்கள் பதிவைப் படித்ததும் ஷெர்லி கிளார்க்கின் 'போர்ட்ரெய்ட் ஆஃப் ஜேசன்' (1967) ஆவணப்படம் நினைவுக்கு வந்தது. நான் அதைத்தான் முதலில் பார்த்தேன். ஜேசன் ஹாலிடே என்ற கறுப்பினத் தன்பாலீர்ப்பு மனிதர் ஒருவர் மட்டும், நியூயார்க்கின் செல்சீ ஹோட்டலில் ஓர் இரவு முழுக்கக் குடித்துக்கொண்டே தன் கதையைச் சொல்கிறார். நேரம் போகப்போகக் கேமராவுக்குப் பின்னாலிருப்பவர்கள் அவரைக் குத்திக் கிளற ஆரம்பிக்கிறார்கள், கடைசியில் அவர் அழுகிறார். அவர் பேச்சுத் திறமை எனக்கு ரொம்பப் பிடித்தது, ஆனால் அந்த முடிவை இரண்டாவது முறை பார்க்க மனம் வரவில்லை. ரிக்ஸ் படத்தில் கேமரா பேசுபவர்கள் கையிலேயே இருப்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று அப்புறம்தான் உறைத்தது.

*

1991இல் அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியான பிபிஎஸ்ஸில் 'டங்ஸ் அன்டைட்' வந்தபோது பல உள்ளூர் நிலையங்கள் ஒளிபரப்பவே மறுத்துவிட்டன என்பதையும் இங்கே சேர்க்க வேண்டும். அரசு நிதியிலிருந்து 5,000 டாலர் இதற்குப் போயிருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு 1992 அதிபர் தேர்தலுக்கான குடியரசுக் கட்சி வேட்பாளர் போட்டியில் இருந்த பாட் புக்கானன் இந்தப் படத்தின் காட்சிகளை வைத்தே தொலைக்காட்சி விளம்பரம் போட்டார்.

எய்ட்ஸில் இறந்த நண்பர்களின் முகங்கள் வரிசையாக வந்து கடைசியில் ரிக்ஸின் முகமே வரும் இடத்தில் நான் படத்தை நிறுத்திவிட்டு, கொஞ்ச நேரம் கழித்துத்தான் மறுபடி போட்டேன். 1994இல், 37 வயதில் அவரும் எய்ட்ஸில்தான் போனார். தன் கடைசிப் படமான 'பிளாக் இஸ் பிளாக் எய்ன்ட்'டில் மருத்துவமனைப் படுக்கையிலிருந்தே பேசியிருக்கிறார், மீதியை உடனிருந்தவர்கள் முடித்தார்கள். கறுப்பினத்தவர் எல்லாரும் ஒரே மாதிரி இருக்க வேண்டுமா என்று சொந்த மக்களிடமே கேட்கும் படம் அது. அதைப் பார்த்தவர்கள் இருந்தால் எழுதுங்கள், அதில் தேவாலயம் பற்றி வரும் பகுதியைப் பற்றிப் பேச எனக்கு நிறைய இருக்கிறது.