கொள்ளிவாய்ப் பிசாசு எந்தக் குலம்? ஆழிநாட்டு ஒளிப் பட்டியல் பற்றி ஒரு சண்டை

யானைமலையான்:
நாம் சேர்ந்து எழுதும் ஆழிநாட்டுக் கதைகளில் ஒளி வரும் இடமெல்லாம் ஆளுக்கொரு பெயர் வைக்கிறோம். போன அத்தியாயத்து 'நீலச்சுடர்' இந்த அத்தியாயத்தில் 'பேய்விளக்கு' ஆகிவிட்டது. அதனால் ஒரு பட்டியல் போட்டேன். ஒளி எப்படி உண்டாகிறது என்பதை வைத்து நான்கு குலம். தானே எரிவது பிறவி ஒளி: சூரியன், மின்னல், மின்மினி, கொள்ளிவாய்ப் பிசாசு. பட்டுத் திரும்புவது இரவல் ஒளி: அந்த நாட்டின் இரண்டு நிலாக்கள், தண்ணீரில் விழும் மினுக்கம். சிதறுவது உடை ஒளி: வானவில், நிலா கட்டும் கோட்டை. வளைந்து ஏமாற்றுவது கானல் ஒளி. இனி எல்லாரும் இதன்படியே எழுதலாம்.

சோழவந்தான் கொடிக்கால்:
அண்ணே, பட்டியல் பள்ளிக்கூடப் பாடம் மாதிரி சுத்தமாக இருக்கிறது. ஆனால் ஆழிநாட்டில் பள்ளிக்கூடமே கிடையாதே? இருப்பவர்கள் ஆடு மேய்ப்பவர்களும் வலை வீசுபவர்களும். மின்மினியும் கொள்ளிவாயும் ஒரே குலம் என்றால் அவர்கள் சிரிப்பார்கள். மின்மினியைப் பிடித்துப் பாட்டிலில் போடலாம். கொள்ளிவாயைத் தேடிப் போனால் அது தள்ளித் தள்ளிப் போகும். மேலூர் ரோட்டில் மத்தியானம் தெரியும் கானல் நீரும் அப்படித்தான், வானவில்லும் அப்படித்தான். நான் மூன்றே குலம் சொல்கிறேன்: பிடிபடும் ஒளி, விலகும் ஒளி, கூட வரும் ஒளி.

யானைமலையான்:
தம்பி, கானல் என்பது தார் ரோட்டை ஒட்டிய சூட்டுக் காற்றில் வானத்து வெளிச்சம் மேல்நோக்கி வளைவது. வானவில் சூரியனுக்கு எதிர்ப்புறம், மழைத்துளிக்குள் புகுந்து திரும்பி வருவது. 42 பாகை என்று அதற்கு ஒரு கணக்கே இருக்கிறது. இரண்டும் விலகுகின்றன என்பதற்காக ஒரே குலமா? மாட்டுவண்டியும் உருள்கிறது, மாசி வீதியில் சித்திரைத் தேரும் உருள்கிறது. ஒன்றாகக் கட்டுவீர்களா?

தெப்பக்குளத்துத் தவளை:
தேரை விடுங்கள், கோட்டைக்கு வாருங்கள். 'அகல் வட்டம் பகல் மழை' என்று என் அப்பத்தா சொல்லும். நிலாவைச் சுற்றி அகலமாக வட்டம் விழுந்தால் மறுநாள் பகலில் மழை. இந்த அகல் வட்டத்தைக் கை நீட்டி அளந்து பார்த்திருக்கிறேன். நிலாவில் கட்டைவிரலை வைத்துச் சாண் விரித்தால் சுண்டுவிரல் வட்டத்தின் விளிம்பில் போய் நிற்கும். அது ஏறக்குறைய 22 பாகை, உயரத்து மேகத்தின் பனிப் படிகங்கள் செய்யும் வேலை. நிலாவை ஒட்டியே வரும் குறுகின வட்டம் வேறு, அது நீர்த்துளிகள் செய்வது. அப்பத்தாவுக்குப் படிகமும் தெரியாது, பாகையும் தெரியாது. அகலத்தைப் பார்த்தே இரண்டையும் பிரித்துவிட்டது. உண்டாகும் விதத்தை வைத்துப் பிரிக்கிறேன் என்கிற நீங்கள், அண்ணே, இரண்டையும் ஒரே கோட்டைக்குள் அடைத்திருக்கிறீர்கள்.

யானைமலையான்:
சரி, அது என் தப்பு. உடை ஒளியை இரண்டாகப் பிரிக்கிறேன். அதனால் கொடிக்கால் சொல்வது சரியாகிவிடாது.

சோழவந்தான் கொடிக்கால்:
அக்கா எனக்காகப் பேசினார் என்று நினைத்தேன்.

தெப்பக்குளத்துத் தவளை:
உனக்கும் ஒரு கேள்வி இருக்கிறது தம்பி. தை மாதத் தெப்பத்தன்று மைய மண்டபத்து விளக்குகள் தண்ணீரில் கோடாக நீளும். அந்தக் கோடு நான் நிற்கும் படிக்கட்டை நோக்கித்தான் வரும். நான் கரையில் நடந்தால் கூடவே நகரும். எதிர்க் கரையில் நிற்பவருக்கு அவர் பக்கம் நீளும். விளக்கு பிடிபடும் ஒளி, அதன் நிழல் கூட வரும் ஒளியா? ஒரே விளக்குக்கு இரண்டு குலமா?

சோழவந்தான் கொடிக்கால்:
ஆமாம், இரண்டு குலம்தான். ஆழிநாட்டு மீனவருக்கு விளக்கு வேறு, நீரில் வரும் கோடு வேறு. பின்னதற்குக் கும்பிடுகூடப் போடுவார், தன்னைத் தேடி வருகிறதே என்று. இன்னொன்று சொல்கிறேன். விடியற்காலையில் பனி இறங்கிய நெல் வயல் வரப்பில், முதுகில் வெயில் படும்படி நில்லுங்கள். நீளமாக விழும் நிழலில் தலையைச் சுற்றி மட்டும் வெள்ளையாக ஒரு வெளிச்சம் நிற்கும். அது எந்தப் பட்டியலில் வரும்?

யானைமலையான்:
பனித்துளி வெயிலைக் குவித்து வந்த வழியே திருப்பி அனுப்புகிறது. ஆகவே இரவல் ஒளி. இதில் என்ன சந்தேகம்? ஆனால் நான் பார்த்ததில்லை. நாளைக் காலை மச்சினன் வயலுக்குப் போய்ப் பார்த்துவிட்டு எழுதுகிறேன்.

யானைமலையான் (மறுநாள்):
பார்த்தேன். ஆறே முக்காலுக்கு வெயில் வரப்புக்கு வந்தது. என் தலை நிழலைச் சுற்றி வெளிச்சம், பக்கத்தில் நின்ற மச்சினன் நிழலில் ஒன்றுமில்லை. அவனைக் கேட்டால் தனக்குத்தான் இருக்கிறது, எனக்கு இல்லை என்கிறான். கொஞ்ச நேரம் வாக்குவாதமே வந்துவிட்டது. இடம் மாறி நின்றோம். அப்போதும் அவரவர் தலைக்குத்தான்.

இரவல் ஒளிதான், அதில் மாற்றமில்லை. ஆனால் பட்டியலில் ஒரு பத்தி கூட்டுகிறேன்: ஊருக்குப் பொதுவாகத் தெரியும் ஒளியா, ஆளுக்கு ஒன்றாகத் தெரியும் ஒளியா என்று. வானவில், தெப்பக்குளத்துக் கோடு, இந்தப் பனி வட்டம் மூன்றும் ஆளுக்கு ஒன்று. கொடிக்காலுக்கு இவ்வளவுதான் விட்டுக்கொடுப்பேன். கொள்ளிவாய் பிறவி ஒளியிலேயே இருக்கும்.

சோழவந்தான் கொடிக்கால்:
இருக்கட்டும் அண்ணே. கொள்ளிவாய் வருகிற அத்தியாயத்தை எழுதப்போவது நான்.