நிக்கோலாவ் பிரெய்னர்: நகைச்சுவைக் கலைஞரா, தொடர் நாடகங்களின் முன்னோடியா?

திரைநேசன்:
அன்டோனியு பெட்ரு வாஸ்கொன்செலுஸ் இயக்கிய 'ஒஸ் இமோர்த்தைஸ்' (2003), 'கால் கேர்ள்' (2007) ஆகிய இரு போர்த்துகீசியப் படங்களை அடுத்தடுத்துப் பார்த்தேன். முதற்படத்தில் ஓய்வு நெருங்கும் காவல் அதிகாரியாகவும், இரண்டாவதில் நேர்மையாக இருந்து வலையில் விழும் நகரத் தலைவராகவும் வரும் நிக்கோலாவ் பிரெய்னர் மனத்தை விட்டு அகலவில்லை. ஆனால் அவரைப் பற்றித் தேடினால் நகைச்சுவையும் தொலைக்காட்சித் தொடர்களும்தான் முன்னே வருகின்றன. அவரை முதலில் எதற்காக அறிந்துகொள்ள வேண்டும்?

பழையபெட்டி:
தங்கள் ஐயம் நியாயமானதே. 1940இல் போர்ச்சுகலின் அலென்தேஜு பகுதியிலுள்ள செர்பா ஊரில் பிறந்த பிரெய்னர், மேடையிலிருந்து வந்தவர். 1974 ஏப்ரலில் சர்வாதிகாரம் வீழ்ந்து, அரசியலை வாய்விட்டுப் பேசலாம் என்ற நிலை பிறந்த மறு ஆண்டிலேயே, அவருடைய தொலைக்காட்சி நிகழ்ச்சியில் 'திருவாளர் மகிழ்ச்சி', 'திருவாளர் மனநிறைவு' என்ற இருவர் தோன்றினார்கள். நாடு எப்படிப் போகிறது என்று ஒருவர் பாட்டாகவே கேட்க, மற்றவர் பாட்டாகவே விடை சொல்வார். உடன் நடித்த எர்மன் ஜோஸேக்கு அப்போது வயது 21. பின்னாளில் அந்நாட்டு நகைச்சுவையின் பெரும்புள்ளியான அவரைத் தமக்குச் சமமாக நிறுத்திப் பாடவைத்த பெருந்தன்மையை நான் மிகவும் மதிக்கிறேன்.

அலைவரிசை:
நகைச்சுவையைக் குறைத்துச் சொல்லவில்லை. ஆயினும் 'வில்லா ஃபாயா' என்ற தொலைக்காட்சித் தொடரையே நான் முதலில் வைப்பேன். 1977இல் பிரேசிலின் 'கேப்ரியேலா' தொடர் போர்ச்சுகலில் ஒளிபரப்பானது முதல், தொடர் என்றாலே பிரேசில் தொடர் என்றாகிவிட்டது. மொழி ஒன்றுதான், உச்சரிப்போ வேறு. தொலைபேசியைக் குறிக்கும் சொல்லைப் பிரேசிலில் 'டெலிஃபோனி' என்று ஒவ்வொரு உயிரெழுத்தும் கேட்கும்படி சொல்வார்கள். லிஸ்பனில் அது 'ட்லிஃபோன்' என்று பாதி விழுங்கப்பட்டு வரும். 1982இல் போர்ச்சுகலின் அரசுத் தொலைக்காட்சியான ஆர்.டி.பி. ஒளிபரப்பிய 'வில்லா ஃபாயா' தான் போர்ச்சுகலில் உருவான முதல் தொடர் நாடகம். மது உற்பத்தி செய்யும் செல்வக் குடும்பத்தைச் சுற்றிய அக்கதையை உருவாக்கியதில் பங்கேற்ற பிரெய்னர், தமக்கு எடுத்துக்கொண்டது ஜுவாவ் கொடுன்யா என்ற லாரி ஓட்டுநர் வேடத்தை. தம் வீட்டில் பேசும் பேச்சையே தொடரில் கேட்கும் வாய்ப்பை மக்கள் அதன்வழிப் பெற்றார்கள். 1990களில் அவர் தம் பெயரில் வளர்த்த தயாரிப்பு நிறுவனமே பிற்பாடு கைமாறி 'புளூரல்' ஆகி, இன்றும் தொடர்களைத் தயாரிக்கிறது.

திரைநேசன்:
இருவருக்கும் நன்றி. அப்படியானால் திரைப்படம் அவருக்குப் பிற்சேர்க்கை மட்டும்தானா?

பழையபெட்டி:
இல்லை, நண்பரே. 2009இல் 'கொன்ட்ராட்டு' என்ற படத்தையும், பின்னர் வேறு சில படங்களையும் அவரே இயக்கினார். தாங்கள் பார்த்த நகரத் தலைவரின் கதை நிகழ்வதும் அலென்தேஜுவில்தான். அது அவர் பிறந்த மண். 2016இல் 75ஆம் வயதில் மறையும்வரை அவர் நடிப்பை விடவில்லை. ஆர்.டி.பி. தன் பழைய நிகழ்ச்சிகள் பலவற்றை இணையக் காப்பகத்தில் வைத்திருக்கிறது. மொழி புரியாவிட்டாலும், அந்த இருவர் பாடுவதைத் தேடிப் பார்த்துவிட்டு 'கால் கேர்ள்' படத்தை மறுபடி பாருங்கள்.