புது ஆல்பத்துக்கு ஆறு ஊர் டூர்: மெட்டல் பேண்டுக்கு எதை வேன்ல ஏத்தணும், எதை அங்கேயே வாடகைக்கு எடுக்கணும்?

கொழிஞ்சாம்பாறை_ரிஃப்:
வணக்கம்ங்க. கேரளா பார்டர்ல கொழிஞ்சாம்பாறைலருந்து, த்ராஷ் (வேகமான மெட்டல்) பக்கம் சாயற பேண்ட். ரெண்டு கிட்டார், பேஸ், ட்ரம்ஸ், வோக்கல்னு அஞ்சு பேர். ஆல்பம் தமிழ்ல, ஒம்பது பாட்டு, 46 நிமிஷம். ஜனவரில கோயமுத்தூர், பாலக்காடு, திருச்சூர், கொச்சி, திருவனந்தபுரம், நாகர்கோவில்னு வரிசை போட்டிருக்கோம். கோயமுத்தூரும் கொச்சியும் பப், பாலக்காடு திறந்தவெளி, மத்ததெல்லாம் மண்டபம். பேக்கிங் ட்ராக் (முன்னாடியே ரெக்கார்ட் பண்ணினது), க்ளிக் (தாளத்துக்கு எங்க காதுல மட்டும் கேக்கற டிக் சத்தம்) உண்டு. எல்லாப் பாட்டும் ட்ராப் சி (ஸ்ட்ரிங்கை இறக்கிக் கட்டற ட்யூனிங்), பழைய பாட்டு நாலு மட்டும் சாதா ட்யூனிங்கான ஸ்டாண்டர்ட் ஈ. சவுண்ட் ஆள் ஒருத்தர் கூட வர்றார், கேரளா ரிஜிஸ்ட்ரேஷன் டெம்போ ட்ராவலர். எதைக் கொண்டு போறது, கரண்ட் விஷயத்துல என்ன பார்க்கணும், ஒரு மணி நேர ஸ்லாட்டுக்கு ஆல்பம் முழுசா வாசிக்கலாமா? அனுபவப்பட்டவங்க சொல்லுங்க.

வாளையார்_லைன்செக்:
கிட்டார் ஸ்பீக்கர் கேபினெட்டை வீட்லயே வைங்க. நாலு ஸ்பீக்கர் கேபினெட் ஒண்ணு 35-லிருந்து 45 கிலோ, அதுல பாதி ஊர்ல மைக் வைக்கக்கூட ஸ்டாண்ட் கிடைக்காது. கிட்டாருக்கு மாடலர் (ஆம்ப் சத்தத்தை டிஜிட்டலாத் தர்ற பெட்டி), அதுலருந்து நேரா மிக்சருக்கு. ட்ரம் ஷெல் அந்தந்த ஊர்ல வாடகை. ஸ்னேர், சிம்பல், டபுள் பெடல், ஸ்டூல் ட்ரம்மரோடது. வாடகைக் கிட்ல ஸ்கின் பள்ளம் விழுந்துதான் வரும். 22 இஞ்ச் கிக் பேட்டர் ஸ்கின் ஒண்ணு, 14 இஞ்ச் ஸ்னேர் ஸ்கின் ரெண்டு, சிம்பல் ஃபெல்ட், ட்ரம் கீ ரெண்டு கையில இருக்கட்டும். ரெண்டு மீட்டர் சதுரத்துக்கு ஒரு முரட்டு கார்பெட்டும் கட்டாயம். மண்டபத்து கிரானைட் தரையில டபுள் பெடல் மிதிச்சா ரெண்டாவது பாட்டுக்குள்ள கிக் ட்ரம் ஸ்டேஜ் முனைக்கு வந்துடும்.

உங்க இன்புட் லிஸ்ட் இப்படி வரும்: கிக் 1, ஸ்னேர் மேல கீழ 2, டாம் 2, ஹை-ஹாட் 1, ஓவர்ஹெட் 2, பேஸ் 1, கிட்டார் 2, வோக்கல் 2, ட்ராக் 2, க்ளிக் 1. மொத்தம் 16. டேப்லெட்ல ஓட்டற பெஹ்ரிங்கர் எக்ஸ்ஆர்18 மிக்சர்ல மைக் ப்ரீஆம்ப் (மைக் சொருகற இன்புட்) சரியா 16 இருக்கு, ஆக்ஸ் (தனி மிக்ஸ் அனுப்பற அவுட்புட்) 6. அஞ்சு பேருக்கும் தனித்தனி மோனோ இன்-இயர் (காதுல மாட்டற மானிட்டர்) மிக்ஸ் குடுத்தும் ஒண்ணு மிச்சம். அதோட ஒரு ஸ்ப்ளிட்டர் (ஒரு சிக்னலை ரெண்டாப் பிரிக்கற பெட்டி) எடுத்துட்டா ஒரு பிரிவு உங்க மிக்சருக்கு, இன்னொண்ணு மண்டபத்து மிக்சருக்கு. மானிட்டர் எல்லா ஊர்லயும் ஒரே மாதிரி கிடைக்கும், சவுண்ட் செக் பாதி நேரத்துல முடியும். ரெண்டு எச்சரிக்கை. சில மைக்குக்கு மிக்சர் அனுப்பற 48 வோல்ட் ஃபேண்டம் கரண்ட் ஒரு பக்கத்துலருந்து மட்டும் போகணும், அது எந்தப் பக்கம்னு அங்க இருக்கற இன்ஜினியர்கிட்ட முன்னாடியே பேசிடுங்க. அப்புறம் எக்ஸ்ஆர்18 உள்ளே இருக்கற 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபையை நம்பாதீங்க. ஆடியன்ஸ் நிறைஞ்சதும் டேப்லெட் கனெக்‌ஷன் அறுந்துடும். 5 கிகாஹெர்ட்ஸ் ரவுட்டர் ஒண்ணு ஈதர்நெட் கேபிள்ல மாட்டிக்கோங்க. இதே காரணத்துக்காக 2.4 கிகாஹெர்ட்ஸ் கிட்டார் வயர்லெஸும் வேண்டாம்.

கரண்ட். இதுலதான் டூர் கவுறும். ப்ளக் சொருகறதுக்கு முன்னாடி மல்டிமீட்டர்ல மூணு ரீடிங்: ஃபேஸ்-நியூட்ரல் 230 பக்கம், ஃபேஸ்-எர்த் கிட்டத்தட்ட அதே, நியூட்ரல்-எர்த் 2, 3 வோல்ட்டுக்குள்ள. ஃபேஸ்-எர்த் ஒண்ணுமே காட்டலைன்னா அந்த சாக்கெட்ல எர்த் குழி வெறும் அலங்காரம். நியூட்ரல்-எர்த் ஏறி இறங்கிட்டே இருந்தா நியூட்ரல் லூஸ், எதையும் ஆன் பண்ணாதீங்க. மூணு ஃபேஸ் சப்ளைல நியூட்ரல் விட்டுப் போச்சுன்னா 230 வரவேண்டிய லைன்ல 400 கிட்ட ஏறும், மாடலர் லேப்டாப் எல்லாம் ஒரே நொடில கரி. ஜெனரேட்டர்னா ஆன் பண்ணி லோடு போட்டு அஞ்சு நிமிஷம் ஓடின பிறகு அளங்க. லைட்டுக்கும் சவுண்டுக்கும் ஒரே லைன் வேண்டாம், எல்இடி பார் எரிஞ்சதும் கிட்டார்ல இரைச்சல் ஏறும்.

ஸ்பீக்கர்ல ஹம் (ம்ம்னு இரைச்சல்) வந்தா எலக்ட்ரீஷியன் எர்த் பின்னை வெட்டிடலாம்பார். விடாதீங்க. கிட்டார் ஸ்ட்ரிங் ஒரு பொட்டென்ஷியல்ல, மைக் கிரில் வேற பொட்டென்ஷியல்ல இருந்தா பாடறவர் உதட்டுலதான் ஷாக் அடிக்கும். டிஐ பாக்ஸ்ல (கிட்டார், லேப்டாப் சிக்னலை மிக்சருக்கு ஏத்த மாதிரி மாத்தற பெட்டி) கிரவுண்ட் லிஃப்ட் சுவிட்ச் இருக்கறதே ஹம்மை நிறுத்தத்தான். லேப்டாப், இன்டர்ஃபேஸ், மிக்சர் மூணும் சின்ன யுபிஎஸ் ஒண்ணுல இருக்கட்டும்.

நாஞ்சில்_டபுள்கிக்:
மேல சொன்னது அம்புட்டும் சரி. நேரக் கணக்கையும் பாருங்க மக்கா. 2000-ம் வருஷ ஒலி மாசு விதிப்படி ராத்திரி 10-லிருந்து காலை 6 வரை திறந்தவெளில ஸ்பீக்கர் கூடாது. மண்டபத்துக்குள்ள கதவை அடைச்சு நடத்தினாலும் பக்கத்து வீட்டுக்காரன் போன் போட்டா போலீஸ் வரத்தான் செய்யும். 9.45-க்கு கடைசிப் பாட்டு முடியுதுன்னு வச்சு பின்னாலருந்து கணக்குப் போடுங்க: 8.45 ஸ்டேஜ், 8.20 சேஞ்ச்ஓவர், 7.30 உள்ளூர் பேண்ட், மத்தியானம் 2 மணிக்கு லோட்-இன். கடைசியா வாசிக்கற பேண்ட்தான் முதல்ல சவுண்ட் செக் எடுக்கணும். முதல்ல வாசிக்கற பேண்ட் கடைசியா செக் எடுத்தா அந்த மைக்கெல்லாம் அப்படியே நிக்கும். மைக் அனுமதி ஏற்பாட்டாளர் பொறுப்புதான், ஆனா பேப்பரோட நகல் உங்க போன்ல இருக்கணும்.

ஆல்பம் முழுசான்னா, அறுபது நிமிஷத்துல வாசிப்பு 50 நிமிஷம்தான் தேறும். 46 நிமிஷ ஆல்பத்தை வாசிச்சா பழசு ஒண்ணுதான் ஏறும். அயர்ன் மெய்டன் 2006 கடைசில அந்த வருஷத்து ஆல்பத்தை முதல்லருந்து கடைசி வரை அப்படியே வாசிச்சாங்க. 2007 மார்ச்ல பெங்களூரு பேலஸ் கிரவுண்ட்ஸுக்கு வந்தப்போ அதுலருந்து அஞ்சு பாட்டுதான். அம்புட்டுப் பெரிய பேண்டே குறைச்சிருக்கு. புதுசு ஆறு, பழசு மூணு போதும். முழு ஆல்பம் பாலக்காட்டுல மட்டும் வைங்க, உங்க ஆளுங்க நிறைய வர்ற ஊர் அது. ஸ்டாண்டர்ட் ஈ பாட்டெல்லாம் அடுத்தடுத்து வந்தா கிட்டார் ஒரே தடவை மாத்தினா போதும்.

ட்ராப் சி-க்கு 25.5 இஞ்ச் ஸ்கேல்ல 11-56 செட் தாங்கும். பாலக்காட்டுல ஜனவரில கிழக்குக் காத்து வறண்டு அடிக்கும், கொச்சியில இறங்கினதும் ஈரம். ரெண்டு ஊருக்கும் நடுவுல நெக் நகரும், ஸ்ட்ரிங் உயரம் ஏறும். ட்ரஸ் ராடை (நெக் வளைவைச் சரிபண்ற உள் கம்பி) ஒரு தடவைக்கு கால் சுத்துக்கு மேல திருப்பாதீங்க. ஏசி வேன்லருந்து இறக்கின கேஸை அரைமணி நேரம் மூடியே வைங்க, இல்லைன்னா மெட்டல் பாகமெல்லாம் வேர்த்துக் கிடக்கும். கடலோர ஊர்ல ரெண்டு ஷோவுக்கு ஒரு தடவை ஸ்ட்ரிங் மாத்தலைன்னா துரு கையில தட்டும்.

கொழிஞ்சாம்பாறை_ரிஃப்:
ரொம்ப நன்றிங்ணா ரெண்டு பேருக்கும். பார்டர்ல கிட்டாரெல்லாம் பார்த்து ஏதாவது கேப்பாங்களா? டி-ஷர்ட்டும் விக்கணும். லேப்டாப் நடுவுல ஹேங் ஆனா?

வாளையார்_லைன்செக்:
லேப்டாப்புக்கு பதில் சுலபம். ஒவ்வொரு பாட்டுக்கும் இடது பக்கம் க்ளிக், வலது பக்கம் ட்ராக்னு ஒரு ஸ்டீரியோ ஃபைல் ஏத்தி, ஏர்ப்ளேன் மோட்ல பழைய போன் ஒண்ணு ட்ரம்மர் பக்கத்துல. ட்ராக் மோனோ ஆகும், யாரும் கவனிக்கப் போறதில்லை. கேபிள்ல இடது, வலது கலர் டேப் ஒட்டிக்கோங்க; மாறிப் போச்சுன்னா க்ளிக் பிஏல (ஆடியன்ஸ் பக்கத்து ஸ்பீக்கர்) கேக்கும், அதைவிட மானக்கேடு வேற இல்லை.

கோபாலபுரம்_செக்போஸ்ட்:
வண்டி விஷயம் நான் சொல்றேனுங்க. தமிழ்நாட்டுக்குள்ள ரெண்டு தடவை நுழையறீங்க, கோயமுத்தூருக்குப் போறப்போ வேலந்தாவளத்துல ஒண்ணு, நாகர்கோவிலுக்குப் போறப்போ களியக்காவிளைல ஒண்ணு. ஆல் இந்தியா டூரிஸ்ட் பர்மிட் இருக்கற வண்டியாப் பாருங்க. இல்லாட்டி தற்காலிக பர்மிட்டும் வரியும் பரிவாஹன் தளத்துல முன்னாடியே கட்டணும். எந்தத் தேதி வரைக்கும்னு பாருங்க, கடைசி ஊருக்குள்ள முடிஞ்சு போயிருக்கும். வெள்ளை போர்டு வண்டியை வாடகைக்குப் பேசாதீங்க, ஆக்ஸிடென்ட்னா இன்ஷூரன்ஸ் கைவிரிச்சுடும். சீட்டைக் கழட்டாம 17 சீட்டரா எடுத்து பின்னால ரெண்டு வரிசைல சாமான் அடுக்குங்க, கனமானது கீழ.

கிட்டார் வணிகவரி செக்போஸ்ட்ல மாட்டற காலம் ஜிஎஸ்டி வந்த 2017-லயே போச்சு. ஆனாலும் ரோட்டுல நிறுத்தினா காட்ட சீரியல் நம்பரோட ஒரு லிஸ்ட் வேணும். வாடகைச் சாமானுக்கு கடைக்காரர்கிட்ட டெலிவரி சலான் வாங்கிக்கோங்க.

கொச்சிலருந்து திருவனந்தபுரம் 200 கிலோமீட்டர்தானேன்னு மறுநாள் ஷோ வைக்காதீங்க. என்ஹெச் 66 வேலை நடக்கற எடத்துல ஆறு மணி நேரம் தாண்டும், நடுவுல ஒரு நாள் விடுங்க. திரும்பறப்போ மறுபடி கேரளா வழி வேண்டாம். திருநெல்வேலி, மதுரை, திண்டுக்கல், பொள்ளாச்சி வழியா 400-க்கு மேல வரும், ஆனா ரோடு ஓடும்.

டி-ஷர்ட் திருப்பூர்ல 180 ஜிஎஸ்எம் (துணி கனம்) பயோ-வாஷ் கறுப்பு. கறுப்பு மேல வெள்ளை இங்க்னா அடிக்கோட் போட்டு ஃப்ளாஷ் பண்ணி (சூட்டுல லேசா உலர்த்தி) ரெண்டாவது கோட் அடிக்கச் சொல்லுங்க. பிளாஸ்டிசால் இங்க் 160 டிகிரில வேகலைன்னா முதல் சலவைலயே வெடிக்கும், ஒரு பீஸை இழுத்துப் பார்த்து வாங்குங்க. சைஸ் எஸ் 1, எம் 3, எல் 4, எக்ஸ்எல் 3, டபுள் எக்ஸ்எல் 1 விகிதம். வேற மாநிலத்துல நீங்களே கடை போட்டு வித்தா கேஷுவல் டாக்ஸபிள் பர்சன்னு ஜிஎஸ்டி பதிவு வேணும், வருஷ வியாபார வரம்பெல்லாம் அதுல செல்லாது. கோயமுத்தூர், நாகர்கோவில் ரெண்டுலயும் பதிவு இருக்கற உள்ளூர் கடைக்காரர் பில்லுல விக்கறது தொல்லையில்லாத வழி.

நாஞ்சில்_டபுள்கிக்:
ஒண்ணு விட்டுப்போச்சு. பாலக்காட்டு திறந்தவெளி ஸ்டேஜுக்கு பேக்ட்ராப் பேனர் சாதா ஃப்ளெக்ஸ்ல அடிக்காதீங்க, மெஷ் ஃப்ளெக்ஸ் கேளுங்க. கணவாய்க் காத்துல சாதா ஃப்ளெக்ஸ் கப்பல் பாய் மாதிரி உப்பி, கட்டியிருக்கற ட்ரஸ் கம்பிச் சட்டத்தையே இழுக்கும். ஓவர்ஹெட் மைக்குக்கு ஃபோம் விண்ட்ஸ்கிரீன் மாட்டி, 100 ஹெர்ட்ஸ்க்குக் கீழ வெட்டிருங்க. சிம்பல் ஸ்டாண்ட் கால்ல ஆளுக்கொரு மணல் மூட்டை.

கொழிஞ்சாம்பாறை_ரிஃப்:
மெஷ் பேனர் இன்னைக்கே விலை கேக்கறேன். நம்மூர்ல மூணு மீட்டர் அகலத்துக்கு மேல ஒரே துண்டா அடிக்கறாங்களா, ஒட்டுப் போடுவாங்களா?

நாஞ்சில்_டபுள்கிக்:
பெரிய மிஷின் உள்ள கடைன்னா ஒரே துண்டு. ஒட்டுன்னா பசை வேண்டாம், ஹீட் வெல்ட் கேளு. ஓரம் மடிச்சு அரை மீட்டருக்கு ஒரு வளையம், கட்டறதுக்கு கயிறு வேண்டாம், எலாஸ்டிக் கொக்கி.