பேன்ட் 34, பெல்ட்டும் 34. அப்புறம் ஏன் கடைசி ஓட்டையில் நிற்கிறது?

நடைவண்டி எழுதியது:

வணக்கம். இரண்டு பெல்ட் வாங்கி இரண்டுமே சரிப்படவில்லை. மூன்றாவதை வாங்கும் முன் விவரம் தெரிந்தவர்களிடம் கேட்டுவிடலாம் என்று எழுதுகிறேன்.

என் பேன்ட் எல்லாம் 34. அதனால் பெல்ட்டும் 34 என்று ஆன்லைனில் போட்டு வாங்கினேன். நுனிப் பக்கம் இருக்கும் கடைசி ஓட்டையில்தான் மாட்ட முடிகிறது. நிற்கும்போது பரவாயில்லை. நாற்காலியில் உட்கார்ந்ததும் பக்கிளின் மேல் விளிம்பு வயிற்றில் ஏறி அழுத்துகிறது. மாலையில் கழற்றினால் தொப்புளுக்குக் கீழே சிவப்பாக ஒரு கட்டம் பதிந்திருக்கும். நுனியும் பக்கத்து வளையத்துக்குள் நுழைந்தும் நுழையாமலும் நிற்கிறது. கொஞ்சம் அசைந்தாலே வெளியே வந்து துருத்திக்கொள்கிறது.

சரி, சிறிதாகிவிட்டது என்று அடுத்து 40 வாங்கினேன். அதில் முதல் ஓட்டையில் போட்டாலும் பேன்ட் நழுவுகிறது. ஆணியைச் சூடாக்கி, முதல் ஓட்டையிலிருந்து சரியாக 2 இன்ச் உள்ளே தள்ளி ஓர் ஓட்டை போட்டேன். இடுப்பில் நின்றது. ஆனால் நுனி, பக்கவாட்டில் இரண்டாவது லூப்பையும் தாண்டிப் போகிறது. ஒரு மாதத்திலேயே அந்த ஓட்டை நீளமாக இழுபட்டு, ஓரத்தில் மெல்லிய வெடிப்பும் வந்துவிட்டது.

அடுத்த மாதம் புது வேலையில் சேருகிறேன். தினமும் இன் பண்ணிப் போக வேண்டும். எந்த அளவு வாங்குவது? இந்த 40-ஐ வெட்டிச் சரிசெய்ய முடியுமா? ஜீன்ஸுக்கும் ஃபார்மல் பேன்ட்டுக்கும் ஒரே பெல்ட் போதுமா?

---

தோல்வேலைக்காரர் எழுதியது:

தம்பி, 19 வருடமாகப் பெல்ட் தைக்கிறேன், பழுதும் பார்க்கிறேன். என்னிடம் வருகிறவர்களில் பாதிப் பேர் உங்கள் கதையைத்தான் சொல்வார்கள். விடை உங்கள் பதிவிலேயே இருக்கிறது, நீங்கள் கவனிக்கவில்லை.

பெல்ட்டில் 34 என்று போட்டிருந்தால் அது நடு ஓட்டையின் அளவு. பக்கிள் முள் மாட்டியிருக்கும் மடிப்பிலிருந்து ஐந்து ஓட்டைகளில் மூன்றாவது வரை 34 இன்ச். ஓட்டைகளுக்கு நடுவே பெரும்பாலும் ஓர் இன்ச் இடைவெளி இருக்கும். அப்படியென்றால் உங்கள் முதல் பெல்ட்டின் கடைசி ஓட்டை 36-இல் இருக்கிறது. இரண்டாவது பெல்ட் 40. அதன் முதல் ஓட்டை 38. அதிலிருந்து 2 இன்ச் உள்ளே நீங்கள் ஆணி இறக்கியிருக்கிறீர்கள். அதுவும் 36! இரண்டு பெல்ட்டும் ஒரே அளவைத்தான் சொல்கின்றன. நீங்கள் 36 பெல்ட் போடுகிற ஆள்.

பேன்ட் 34 ஆயிற்றே என்று கேட்பீர்கள். ஒரு வேலை செய்யுங்கள். பேன்ட்டின் பட்டனைப் போட்டுத் தரையில் விரித்து, மேல் பட்டியை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை இன்ச் டேப்பால் அளந்து இரண்டால் பெருக்குங்கள். ரெடிமேடில் 34 என்று எழுதியிருப்பது 36, 37 கூட வரும். வாங்குகிறவருக்கு மனம் நிறையட்டும் என்று எண்ணைக் குறைத்துப் போடுகிற பழக்கம் பல கம்பெனிகளுக்கு உண்டு. பெல்ட்டில் அந்த வேலை நடக்காது. அது உடம்பைச் சுற்றி, உள்ளே விட்ட சட்டையைச் சுற்றி, பேன்ட் துணியையும் சுற்றி வருகிறது. அதனால்தான் பேன்ட் எண்ணோடு 2 கூட்டு என்று சொல்வார்கள். அதுவும் குத்துமதிப்புதான். எண்ணை நம்புவதைவிட டேப்பை நம்புங்கள்.

அளக்கிற முறையில் எல்லோரும் தவறுகிற இடம் ஒன்று உண்டு. பழைய பெல்ட் நன்றாகப் பொருந்தியது என்றால் அதை நேராகப் படுக்கவைத்து, முள் தொடங்குகிற மடிப்பில் டேப்பை வைத்து, வழக்கமாக மாட்டுகிற ஓட்டை வரை அளக்க வேண்டும். எந்த ஓட்டை என்று குழம்ப வேண்டியதே இல்லை. அது மட்டும் வாய் அகன்று, குறுக்கே ஒரு கோடு விழுந்து, தோலின் நிறமும் கொஞ்சம் மங்கியிருக்கும். பக்கிளின் வெளி விளிம்பிலிருந்து நுனி வரை அளந்து அனுப்புகிறவர்கள் பலர். அவர்களுக்கு நான் தைத்துக் கொடுத்தால் ஆறேழு இன்ச் நீளமாகப் போய்விடும். வாங்குமிடத்தில் சென்டிமீட்டரில் கொடுத்திருந்தால் 2.54-ஆல் பெருக்கிக்கொள்ளுங்கள், 36 இன்ச் என்பது 91.4 செ.மீ. அந்த எண் நடு ஓட்டை வரையா, மொத்த நீளமா என்பதைக் கேட்டுவிட்டு வாங்குங்கள். சிலர் மொத்த நீளத்தைப் போடுகிறார்கள்.

பழைய பெல்ட் இல்லையென்றால் சட்டையை இன் பண்ணி, பேன்ட்டின் லூப்களுக்குள்ளேயே டேப்பை விட்டு அளவெடுங்கள். நின்று ஒரு தடவை, உட்கார்ந்து ஒரு தடவை. இந்த இரண்டாவதைத்தான் யாரும் செய்வதில்லை. உட்கார்ந்ததும் ஓர் இன்ச்சாவது கூடும். நாள் முழுக்க உட்கார்ந்து வேலை பார்ப்பவருக்கு அந்த ஓர் இன்ச்தான் முக்கியம். நடு ஓட்டையில் பொருந்தும் பெல்ட் என்றால் சாப்பிட்ட பிறகோ உட்கார்ந்த பிறகோ ஒன்று தளர்த்த இடம் இருக்கும். உடம்பு இளைத்தால் இரண்டு இறுக்கவும் முடியும். நல்ல தோல் நாளாக ஆகக் கால், அரை இன்ச் நீளவும் செய்யும். உங்கள் முதல் பெல்ட்டில் தளர்த்த இடமே இல்லை. வயிற்றில் கட்டம் பதிவது அதனால்தான்.

நடு ஓட்டையில் மாட்டினால் நுனியும் அழகாக அமையும். பக்கிளைத் தாண்டி, பேன்ட்டின் முதல் லூப்புக்குள் நுழைந்து கொஞ்சம் வெளியே தெரிய வேண்டும். இரண்டாவது லூப்பை எட்டக் கூடாது.

இனி 40-ஐப் பற்றி. வெட்டலாம், ஆனால் நுனிப் பக்கம் கத்தரியை வைத்துவிடாதீர்கள். கூராகவோ வளைவாகவோ வெட்டி, தையல் போட்டு முடித்திருப்பார்கள். அது போனால் பெல்ட்டின் முகமே போச்சு. பக்கிள் பக்கம்தான் வெட்ட வேண்டும். பக்கிளைத் திருப்பிப் பாருங்கள். சின்ன ஸ்க்ரூ இருந்தாலோ, பல் வைத்த கிளிப் கடித்துக்கொண்டிருந்தாலோ கழன்று வரும். 4 இன்ச் குறைத்து மறுபடி மாட்டினால் நடு ஓட்டை 36-க்கு வந்துவிடும். மடித்துத் தைத்த பக்கிள் என்றால் தோல்வேலை செய்பவரிடம் கொடுத்துவிடுங்கள். முள்ளுக்கு நீளவாக்கில் துளை எடுத்து, மடிப்பைச் சீவி மெல்லிசாக்கித் தைக்க வேண்டும். வீட்டில் செய்தால் மடிப்பு தடித்து நிற்கும். ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்: ஆணி ஓட்டை பக்கிளிலிருந்து 4 இன்ச் தள்ளி வெளியே தெரியும். அதை மறைக்க வழி கிடையாது. வீட்டோடு போட்டுக்கொள்ளலாம், புது வேலைக்கு வேண்டாம்.

ஆணி விஷயத்தில் எனக்கு மனவருத்தம் உண்டு. ஆணி தோலைக் கிழித்துக்கொண்டு உள்ளே போகும். சூடாக்கினால் ஓட்டையைச் சுற்றி எரிந்து மொறுமொறுப்பாகிவிடும். முள் இழுக்க இழுக்க அங்கிருந்துதான் வெடிக்கும். தோல் பஞ்ச் வட்டமாக ஒரு துண்டை வெட்டியே எடுத்துவிடும், விளிம்பு சுத்தமாக இருக்கும். பிளையர் மாதிரி, தலையில் ஆறு குழாய் சுற்றுகிற கருவி அது. பழைய ஓட்டை ஒன்றில் எந்தக் குழாய் சரியாக உட்காருகிறது என்று பார்த்து அதையே பயன்படுத்த வேண்டும்.

---

சாளரம் எழுதியது:

அண்ணா நீளத்தைச் சொல்லிவிட்டார், நான் அகலத்தைச் சொல்கிறேன். ஃபார்மல் பேன்ட்டுக்கு 3 முதல் 3.5 செ.மீ., ஜீன்ஸுக்கு 3.8 முதல் 4 செ.மீ. ஃபார்மல் பேன்ட்டின் லூப்பில் 4 செ.மீ. பெல்ட்டைத் திணித்தால் லூப் இழுபட்டு, பின்னால் பட்டி சுருங்கிவிடும். ஜீன்ஸில் 3 செ.மீ. போட்டால் லூப்புக்குள் மேலும் கீழும் ஆடும். பட்டி பெல்ட்டுக்கு மேலே எட்டிப் பார்க்கும். ஒரே பெல்ட் என்று பிடிவாதம் என்றால் 3.5 எடுங்கள், இரண்டிலும் ஓரளவு ஒத்துப்போகும். அப்புறம், பேன்ட்டிலேயே லூப் வைப்பது அவ்வளவு பழைய வழக்கமில்லை. லீவைஸ் 501-இல் லூப் வந்ததே 1922-இல்தான். அதற்கு முன் தோள்பட்டையில் போடும் வார்தான் பேன்ட்டைத் தாங்கியது.

பஞ்ச் கருவிக்கும் ஆணிக்கும் பதிலாக ராட்செட் பெல்ட் வாங்கிவிடலாமே. ஓட்டையே கிடையாது. உள்பக்கம் பல்வரிசை இருக்கும், கால் இன்ச் கால் இன்ச்சாக இறுக்கலாம். உட்கார்ந்ததும் பக்கிளின் அடியில் இருக்கும் சின்ன நெம்பை அழுத்தி ஒரு பல் தளர்த்திவிடுவேன்.

---

கீழ்க்காற்று எழுதியது:

நடைவண்டி, அந்தச் சிவப்புக் கட்டத்தைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ளாதீர்கள். நானும் இரண்டு வருடம் அப்படித்தான் இருந்தேன். இறுக்கமான பெல்ட், அதில் சாவிக்கொத்து வேறு. ஒரு நாள் வலது தொடையின் வெளிப்பக்கம் எரிய ஆரம்பித்தது. பிறகு மரத்துப் போனது. கை வைத்தால் வேறு யாரோ ஒருவரின் காலைத் தொடுவது போல இருந்தது. முதுகுத்தண்டுதான் போய்விட்டது என்று பயந்து போனேன். மருத்துவர் இடுப்பெலும்பின் முன்பக்கம் ஒரு விரலால் அழுத்தினார், தொடையில் சுரீர் என்றது. அங்கே வழியாகப் போகிற தோல் நரம்பு நசுங்குகிறது, மெரால்ஜியா பாரஸ்தெடிகா என்று பெயர் சொன்னார். "முதலில் பெல்ட்டைத் தளர்த்துங்கள்" என்பதுதான் அவர் சொன்ன முதல் வைத்தியம். எனக்குச் சரியாக ஆறு வாரம் ஆனது. ராத்திரி நெஞ்செரிச்சலும் குறைந்தது. வயிற்றை இறுக்கிக் கட்டினால் அமிலம் மேலே ஏறும் என்பதையும் அவர்தான் விளக்கினார்.

இப்போது மாட்டியதும் பெல்ட்டுக்கும் வயிற்றுக்கும் நடுவே இரண்டு விரலை விட்டுப் பார்க்கிறேன். சிரமமில்லாமல் நுழைந்தால் மட்டுமே வீட்டை விட்டுக் கிளம்புவேன். உங்களுக்கு மரத்துப் போவது, எரிச்சல் ஏதாவது இருந்தால் காத்திருக்காமல் மருத்துவரிடம் காட்டிவிடுங்கள்.

---

பூந்தறி எழுதியது:

பெண்கள் யாராவது இதைப் படித்தால் அவர்களுக்காக ஒரு வார்த்தை. நமக்கு ஒரே எண் போதாது. கவுனுக்கு மேல் கட்டுகிற பெல்ட் இடுப்பு ஒடுங்குகிற இடத்தில் நிற்கும், ஜீன்ஸ் பெல்ட் இடுப்பெலும்பில் நிற்கும். எனக்கு மேலே 29, கீழே 35. ஆறு இன்ச் வித்தியாசத்தை ஐந்து ஓட்டை தாங்காது. இரண்டையும் தனித்தனியாக அளந்து, அதே துணியைப் போட்டுக்கொண்டு அளந்து வாங்குங்கள்.

---

தோல்வேலைக்காரர் எழுதியது:

சகோதரி சொன்னது ஆண்களுக்கும் பொருந்தும். உயரமாக நிற்கிற பேன்ட்டுக்கும் இறங்கி நிற்கிற ஜீன்ஸுக்கும் எனக்கே 2 இன்ச் வித்தியாசம் வருகிறது.

சாளரம், ராட்செட் நல்ல வசதிதான், வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்தப் பக்கிள் பெட்டி மாதிரி தடிப்பாக இருக்கும். வயிறு முன்னால் இருப்பவர்கள் உட்காரும்போது அதன் மேல்முனை குத்தும். பழுதுக்கு வருவதில் பெரும்பாலும் பெல்ட்டின் பல்வரிசை தேய்ந்திருக்கும், அல்லது அது தோலிலிருந்து பிரிந்திருக்கும். வாங்குவதென்றால் பல்வரிசை தைத்ததா, வெறுமனே ஒட்டியதா என்று பாருங்கள்.

தோலைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். சரியான அளவு வாங்கி ஆறு மாதத்தில் உரிந்துபோனால் எல்லாம் வீண். தோல் தூளைப் பசையோடு சேர்த்து அழுத்தி, மேலே பூச்சுக் கொடுத்து விற்பதும் "லெதர்" என்ற பெயரில்தான் வருகிறது. ஓரத்தைப் பாருங்கள். ஓட்டையின் உள்விளிம்பையும் பாருங்கள், அங்கே பூச்சு எட்டியிருக்காது. நல்ல தோலில் நார் நாராகத் தெரியும். தூள் அட்டையில் காகிதம் வெட்டியது போல வழவழப்பாக, ஒரே மாதிரியாக இருக்கும். மூன்றரை மில்லிமீட்டர் கனம் உள்ள ஒரே துண்டுத் தோல் பல வருடம் உழைக்கும்.

---

நடைவண்டி எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. இன்று காலை லூப்புக்குள் டேப்பை விட்டு அளந்தேன். நிற்கும்போது 36, உட்கார்ந்தால் 37-ஐத் தொடுகிறது. "34" பேன்ட்டை விரித்து அளந்தால் பதினெட்டரை, அதாவது 37! நானே மூன்று தடவை அளந்து பார்த்தேன். பேன்ட்டே பெரிது என்பதால்தான் நழுவியிருக்கிறது.

தொடையில் மரத்துப் போவதெல்லாம் இல்லை. ஆனாலும் 34-ஐ இன்றே கழற்றி வைத்துவிட்டேன். 36, அகலம் 3.2 செ.மீ., கறுப்பு, ஒரே துண்டுத் தோல் என்று பார்த்து வைத்திருக்கிறேன். நடு ஓட்டை வரையா என்று கேட்டேன், ஆமாம் என்று பதில் வந்தது. 40-இல் பக்கிளுக்குப் பின்னால் ஸ்க்ரூ இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை வெட்டப் போகிறேன். ஒரே தடவையில் 4 இன்ச் வெட்டிவிடலாமா?

---

தோல்வேலைக்காரர் எழுதியது:

வேண்டாம் தம்பி. முதலில் 3 இன்ச் மட்டும் வெட்டி, பக்கிளை மாட்டி, பேன்ட்டோடு போட்டு உட்கார்ந்து பாருங்கள். ஒரு மாதம் போட்ட தோல், கொஞ்சம் நீண்டிருக்கும். பக்கிளுக்குள் எவ்வளவு தோல் போகிறது என்பதும் மாட்டினால்தான் தெரியும். மிச்சத்தை அப்புறம் எடுத்துக்கொள்ளலாம். கத்தரியால் வெட்டாதீர்கள், ஓரம் கோணும். இரும்பு ஸ்கேலை அழுத்திப் பிடித்து, புது பிளேடு போட்ட கத்தியால் மூன்று நான்கு தடவை லேசாக இழுங்கள். ஓரத் தையல் இருந்தால் வெட்டிய இடத்தில் நூல் முனைக்கு ஒரு சொட்டுப் பசை வைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் பிரிந்துகொண்டே வரும்.