பேக்மேனில் வேகம் கூட்டிய என் அனுபவம்

மேம் (MAME) எமுலேட்டரில், அதாவது பழைய கேம் மெஷினைப் போலவே கம்ப்யூட்டரில் நடந்துகொள்ளும் மென்பொருளில், காசு போட்டு ஆடும் பழைய ஆர்கேட் கேம்களைச் சும்மா விளையாடிக்கொண்டிருந்த நான் முதன்முதலில் கை வைத்தது, பேய்களிடம் சிக்காமல் பாதைகளில் புள்ளிகளைத் தின்னும் பேக்மேனில். 1980-இல் வந்தது, மொத்த புரோகிராமும் 16 கிலோபைட்தான் (கேபி), நாலு நாலு கேபியாக நான்கு ரோம் கோப்புகள், அதாவது மெஷினின் சிப்புகளில் இருந்த புரோகிராமின் நகல்கள்.

அந்தக் காலத்திலேயே ஆட்டக்காரர்கள் பாதையை மனப்பாடம் பண்ணி ஒரே காசில் மணிக்கணக்காக ஆட ஆரம்பித்ததால், மெஷின் வைத்திருந்தவர்கள் வேகம் கூட்டும் சிப்பை வாங்கி மாட்டினார்கள். அதே வேலையை, கோப்பில் உள்ள எண்களை நேரடியாகக் காட்டித் திருத்தவிடும் ஹெக்ஸ் எடிட்டரில் செய்யலாம்: இரண்டாவது ரோமில், பூஜ்யத்திலிருந்து எண்ணினால் 2059-ஆம் இடத்தில் 190 இருக்கும், அதை 1 ஆக்க வேண்டும். மாற்றினேன். செக்சம் (கோப்பு மாறியிருக்கிறதா என்று காட்டும் சரிபார்ப்பு எண்) பொருந்தவில்லை என்று மேம் எச்சரித்தது, அது எதிர்பார்த்ததுதான். ஆனால் ஓகே கொடுத்த பிறகும் கேம் தொடங்கவே இல்லை. பாதி ராத்திரி போய்விட்டது.

அப்புறம்தான் புரிந்தது, மேம் பார்ப்பது வேறு, கேம் தானே பார்த்துக்கொள்வது வேறு. பேக்மேன் ஆன் ஆனதும் தன் ரோமில் உள்ள எண்களைக் கூட்டிப் பார்க்கிறது. நான் 189-ஐக் குறைத்துவிட்டேன், கூட்டல் உதைக்கிறது! அதே கோப்பின் கடைசியில் 4093-ஆம் இடத்தில் ஒரு 0 சும்மா கிடக்கிறது, அங்கே 189 போட்டேன். ஒன்றும் 189-ம் 190, கணக்கு நேராகிவிட்டது. இன்னொன்று, கேம் ஒற்றைப்படை இடங்களையும் இரட்டைப்படை இடங்களையும் தனித்தனியாகக் கூட்டுகிறது, 2059, 4093 இரண்டுமே ஒற்றைப்படை என்பதால்தான் இது பலித்தது. இதைக் கண்டுபிடித்தவர் யாரோ, அவருக்கு ஒரு கும்பிடு.

இப்படி மாற்றுவதை ஏமாற்று வேலை என்பவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. 1982-இல் வந்த மிஸ் பேக்மேனே, ஜெனரல் கம்ப்யூட்டர் நிறுவனத்து இளைஞர்கள் பேக்மேன் மேல் ஏற்றிய கிரேஸி ஆட்டோ (Crazy Otto) என்ற மாற்றத்திலிருந்து பிறந்ததுதான்.

அசல் கோப்பைத் தனியாக எடுத்து வைத்துவிட்டுத் தொடங்குங்கள். நான் அடுத்து, ஓடும் கேமின் நினைவகத்தைப் பார்த்து மாற்ற உதவும் மேமின் டீபக்கரைத் திறந்து, 4இ13 (4E13) முகவரியில் இருக்கும் லெவல் எண்ணை 254 ஆக்கினேன். லெவலும் பூஜ்யத்திலிருந்துதான் எண்ணப்படுகிறது, அதனால் அது 255-ஆவது லெவல். அந்த ஒரு லெவலை மட்டும் ஆடி முடித்தேன். 256-ஆவது லெவல் வந்தது. இடது பாதியில் வழக்கமான பாதை, வலது பாதி முழுக்க எழுத்தும் வண்ணமும் சிதறிக் கிடந்தன. அதற்குள்ளேயும் பேயைக் கூட்டிக்கொண்டு கொஞ்ச நேரம் சுற்றினேன்.